"தோல் கலர்" பென்சிலும் ஃபுளோயெல்லா பெஞ்சமினும்

முதலாம் தரப் பிள்ளைகளிடம் குடும்பப் படம் ஒன்றை வரையச் சொல்லிப் பாருங்கள். உம்மா, வாப்பா, தம்பி, வீட்டுப் பூனை எல்லாரையும் அழகாக வரைந்துவிடுவார்கள். முகத்துக்கு நிறம் தீட்டும் நேரம் வந்ததும் பல கைகள் ஒரே பென்சிலைத் தேடும். அந்த இளஞ்சிவப்புப் பென்சில். அதற்குப் பிள்ளைகள் வைத்திருக்கும் பெயர் "தோல் கலர்". உம்மா மாநிறம், வாப்பா வெயிலில் நின்று கறுத்தவர். ஆனாலும் படத்தில் இரண்டு பேரும் இளஞ்சிவப்பு. இதை அவர்களுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. பார்த்த படங்களிலிருந்து தாங்களாகவே படித்துக்கொண்டார்கள்.

இதைக் காணும்போதெல்லாம் எங்களுக்கு இங்கிலாந்தில் வாழும் ஒரு பெண்மணியின் நினைவு வரும். சிறுவர் தொலைக்காட்சித் தொகுப்பாளர், நடிகை, எழுத்தாளர், இன்று பிரித்தானியப் பிரபுக்கள் சபை உறுப்பினர். பெயர் ஃபுளோயெல்லா பெஞ்சமின். நம்மில் பலர் கேள்விப்படாத பெயர். ஆனால் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிற, பிள்ளைகளை வளர்க்கிற எல்லாரும் தெரிந்துகொள்ள வேண்டிய கதை.

முதலில் அவர் தோன்றிய நிகழ்ச்சியைப் பற்றிக் கொஞ்சம்.

1964 ஏப்ரல் 20ஆம் திகதி இரவு பிபிசியின் இரண்டாவது அலைவரிசை கோலாகலமாகத் தொடங்குவதாக இருந்தது. அன்று மாலை லண்டனில் பெரும் மின்தடை. ஏற்பாடு செய்திருந்த கலை நிகழ்ச்சிகள் எதுவும் நடக்கவில்லை. அடுத்த நாள் காலை 11 மணிக்குத் திட்டமிட்டபடி 'பிளே ஸ்கூல்' என்ற சிறுவர் நிகழ்ச்சி போனது. இப்படியாக, அந்த அலைவரிசையில் முழுமையாக ஒளிபரப்பான முதல் நிகழ்ச்சி என்ற பெருமை ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளின் நிகழ்ச்சிக்குக் கிடைத்தது.

ஜோய் விட்பி என்ற பெண் தயாரிப்பாளர் உருவாக்கிய நிகழ்ச்சி அது. இரண்டு தொகுப்பாளர்கள், ஒரு கதை, சில பாட்டுகள், கடதாசிப் பெட்டியை வைத்து ஒரு விளையாட்டு. நடுவில் வட்டம், சதுரம், வளைவு என்று வேறு வேறு வடிவ ஜன்னல்கள். இன்றைக்கு எந்த ஜன்னல் வழியாகப் போகலாம் என்று கேட்டுவிட்டு, அதன் வழியாக வெளியுலகக் காட்சி ஒன்றுக்குள் பிள்ளையை அழைத்துப் போவார்கள். மேடையில் கைதட்டும் கூட்டம் கிடையாது. தொகுப்பாளர் கெமராவைப் பார்த்து, வீட்டில் இருக்கும் ஒரேயொரு பிள்ளையுடன் பேசுவதுபோலப் பேச வேண்டும். முன்பள்ளி ஆசிரியர்களுக்கு இது நன்றாக விளங்கும். முப்பது பேர் இருந்தாலும் ஒவ்வொரு பிள்ளையும் ரீச்சர் தன்னோடுதான் பேசுகிறார் என்று நினைக்க வேண்டும்.

இனி ஃபுளோயெல்லாவின் கதை. 1949இல் டிரினிடாட் தீவில் பிறந்தவர். பிரையன் லாராவின் ஊர் என்றால் நம் இளைஞர்களுக்கு உடனே விளங்கும். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு பிரித்தானியாவில் ஆள் பற்றாக்குறை. மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து ஆயிரக்கணக்கானோர் கப்பலேறினார்கள். முதலில் வாப்பா போனார். பிறகு உம்மா, சின்னப் பிள்ளைகளை மட்டும் கூட்டிக்கொண்டு போனார். ஃபுளோயெல்லாவும் மற்றச் சகோதரர்களும் பிறர் வீடுகளில் விடப்பட்டார்கள். ஒரு வருடத்துக்கும் மேலாக அந்தப் பிள்ளைகள் பட்ட துன்பத்தை அவர் பிறகு எழுதியிருக்கிறார். பெற்றோர் வெளிநாடு போய், பிள்ளைகள் உறவினர் வீட்டில் வளர்வது நம் ஊர்களுக்கும் புதிதல்லவே.

1960இல், பத்து வயதில், கப்பலில் இங்கிலாந்து வந்து சேர்ந்தார். டிரினிடாட் பாடசாலையில் பிரித்தானிய மகாராணிக்கு வாழ்த்துப் பாடி வளர்ந்த பிள்ளை. தானும் பிரித்தானியப் பிள்ளைதான் என்று நம்பி வந்தவர். வந்த இடத்தில் தெருவில் ஏச்சு, பாடசாலையில் கேலி. அவருடைய பேச்சைக் கேட்டு ஆசிரியரே இழிவாகத் திட்டியிருக்கிறார். ஆரம்பத்தில் கேலி செய்தவர்களோடு கைகலந்து சண்டை போட்டார். பதினான்கு வயதளவில், கையால் இதை வெல்ல முடியாது என்று தானே தீர்மானித்துக்கொண்டார். கல்விதான் வாழ்க்கைக்கான கடவுச்சீட்டு என்று உம்மா அடிக்கடி சொல்லுவாராம்.

பதினாறு வயதில் பாடசாலையை விட்டு வங்கியில் வேலைக்குச் சேர்ந்தார். பிரித்தானியாவின் முதல் கறுப்பினப் பெண் வங்கி முகாமையாளராக வர வேண்டும் என்பது ஆசை. ஆனால் பாட்டும் நடனமும் விடவில்லை. பத்திரிகை விளம்பரம் ஒன்றைப் பார்த்து, மதிய இடைவேளையில் 'ஹெயார்' என்ற இசை நாடகத்தின் தேர்வுக்குப் போனார். நடிகர்கள் உடை களையும் காட்சி ஒன்று அந்த நாடகத்தில் உண்டு. அதில் நான் பங்கெடுக்க மாட்டேன் என்று தேர்வு நடத்தியவர்களிடம் முதலிலேயே சொல்லிவிட்டார். ஆனாலும் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். தனக்கு வேண்டியதையும் வேண்டாததையும் மரியாதையாக, ஆனால் வாய் திறந்து சொல்லும் பழக்கம் அவருக்கு அன்றே இருந்தது. அதன் பிறகு பல மேடை நாடகங்கள். 1974இல் சிறைச்சாலையைக் களமாகக் கொண்ட 'விதின் தீஸ் வோல்ஸ்' தொலைக்காட்சித் தொடர். 1977இல் 'பிளாக் ஜோய்' திரைப்படம். அந்தப் படத்துக்காகப் பிரான்ஸின் கான் திரைப்பட விழாவுக்கு, தன் ஆபிரிக்க மரபுப்படி தலைமுடியைப் பின்னி மணிகள் கோத்துப் போனார். அந்த அலங்காரத்தோடுதான் பிரித்தானியப் பிள்ளைகளும் அவரை நினைவு வைத்திருக்கிறார்கள்.

1976இல் 'பிளே ஸ்கூல்' தொகுப்பாளராகச் சேர்ந்தார். அவர்தான் அங்கே முதல் கறுப்பின முகம் என்று நினைத்துவிடக் கூடாது. டெரெக் கிரிஃபித்ஸ் போன்றவர்கள் அவருக்கு முன்பே அங்கே இருந்தார்கள். ஆனால் ஃபுளோயெல்லா கவனித்தது வேறொன்றை. கதை சொல்லும்போது காட்டும் படங்களில் வரும் பிள்ளைகள், தாய்மார், கடைக்காரர் எல்லாரும் வெள்ளையர். அப்போது இங்கிலாந்தின் நகரங்களில் கறுப்பு, இந்திய, பாகிஸ்தானிய, சீனப் பிள்ளைகள் ஏராளம். அவர்களும் இதே நிகழ்ச்சியைப் பார்க்கிறார்கள். தொகுப்பாளர் கறுப்பு, ஆனால் அவர் கையில் இருக்கும் படத்தில் கறுப்புப் பிள்ளை இல்லை.

அவர் தயாரிப்பாளரிடம் போய், இந்தப் படங்களில் ஒரு கறுப்புப் பிள்ளையை, ஓர் ஆசியப் பிள்ளையை, ஒரு சீனப் பிள்ளையை வரையலாமே என்று கேட்டார். கிடைத்த பதில், அதை நாங்கள் கவனிக்கவேயில்லை என்பதுதான். பிறகு படங்கள் மாறின.

இந்த இடத்தில் நாம் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். அந்தத் தயாரிப்பாளர்கள் கெட்டவர்கள் அல்ல. பிள்ளைகள் மீது உண்மையான அக்கறை உள்ளவர்கள். யாரையும் ஒதுக்க வேண்டும் என்று அவர்கள் நினைக்கவில்லை. அவர்களுக்குக் கண்ணில் படவில்லை, அவ்வளவுதான். படத்தில் தன் முகம் எப்போதும் இருப்பவனுக்கு, இல்லாத முகம் தெரியாது. இல்லாதவர்தான் பார்த்துச் சொல்ல வேண்டும். சொல்வதற்கு அவர் அந்த அறைக்குள் இருக்கவும் வேண்டும், வாய் திறக்கவும் வேண்டும். இரண்டில் ஒன்று குறைந்தாலும் படம் மாறியிருக்காது.

அந்த நிகழ்ச்சியில் பொம்மைகளும் உண்டு. ஹம்ப்டி, ஜெமைமா, பெரிய டெட், சின்ன டெட், ஹேம்பிள் என்று பிள்ளைகளுக்கெல்லாம் தெரிந்த பெயர்கள். 1986இல் ஹேம்பிளின் இடத்துக்குப் பொப்பி என்ற கறுப்பினப் பொம்மை வந்தது. காலம் மாறிக்கொண்டிருந்தது. 1988இல் 'பிளே ஸ்கூல்' முடியும் காலம்வரை ஃபுளோயெல்லா அதில் இருந்தார். அதைப் பார்த்து வளர்ந்த பெரியவர்களை இன்றும் அவர் "என் பிளே ஸ்கூல் பிள்ளைகள்" என்றுதான் அழைக்கிறார்.

பலருடைய கதை இந்த இடத்தில் முடிந்துவிடும். இவருடையது முடியவில்லை. சொந்தத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார். தன் வருகையைப் பற்றி எழுதிய 'கமிங் டு இங்கிலண்ட்' என்ற நூல் பிள்ளைகளிடையே பரவலாக வாசிக்கப்பட்டது, தொலைக்காட்சிப் படமாகவும் வந்தது. சிறுவருக்கென அரசில் தனி அமைச்சர் வேண்டும் என்று இருபது வருடங்கள் கேட்டுக்கொண்டே இருந்தார். 2003இல் அந்தப் பதவி உருவானது. 2010இல் லிபரல் டெமோக்ரட் கட்சி சார்பில் பிரபுக்கள் சபைக்குப் போனார்.

அங்கும் கேட்டது சிறுவர் நிகழ்ச்சிகளைத்தான். 2003ஆம் ஆண்டுச் சட்டத்தின் பிறகு, தனியார் அலைவரிசைகள் இத்தனை மணிநேரம் சிறுவர் நிகழ்ச்சி தர வேண்டும் என்ற கட்டாயம் இல்லாமல் போனது. பிறகு பிள்ளைகளுக்கான நிகழ்ச்சிகளில் கொழுப்பும் சீனியும் கூடிய உணவுகளின் விளம்பரம் தடைசெய்யப்பட்டது. நல்ல தடைதான். ஆனால் அந்த வருமானம் போனதும் தனியார் அலைவரிசைகள் சிறுவர் நிகழ்ச்சிகளைக் குறைத்துக்கொண்டன. இதற்கெதிராக ஃபுளோயெல்லா தொடர்ந்து பேசினார். 2017இல் வந்த டிஜிட்டல் பொருளாதாரச் சட்டம், சிறுவர் நிகழ்ச்சிகள் போதுமானதா என்று பார்த்துத் தலையிடும் அதிகாரத்தை 'ஒஃப்கொம்' எனும் ஒழுங்குபடுத்தும் அமைப்புக்குக் கொடுத்தது. அதற்குப் பின்னால் இவருடைய உழைப்பு இருக்கிறது.

2018இல் இன்னொரு பொறுப்பு. 'விண்ட்ரஷ்' என்பது 1948இல் மேற்கிந்தியர்களை ஏற்றிவந்த கப்பலின் பெயர். அந்தக் காலத்தில் பிள்ளைகளாக வந்து, வாழ்நாள் முழுக்க அங்கே உழைத்த பலர், பத்திரம் இல்லை என்ற காரணத்தால் நாடுகடத்தும் அச்சுறுத்தலுக்கு ஆளான விவகாரம் அந்த வருடம் பெரிதாக வெடித்தது. அந்தத் தலைமுறையை நினைவுகூரும் குழுவின் தலைவியானார் ஃபுளோயெல்லா. 2022 ஜூன் 22இல் லண்டன் வாட்டர்லூ ரயில் நிலையத்தில் நினைவுச்சின்னம் திறக்கப்பட்டது. பயணப் பெட்டிகளின் மேல் ஓர் ஆண், ஒரு பெண், ஒரு பிள்ளை. அந்தப் பிள்ளையும் இருப்பதுதான் எங்களுக்கு மிகவும் பிடித்தது. 2023இல் மன்னர் சார்ள்ஸின் முடிசூட்டு விழாவில் புறா பொறித்த செங்கோலை ஏந்தி நடந்தவரும் இவரே. பத்து வயதில் "உன் நாட்டுக்குப் போ" என்று ஏச்சுக் கேட்ட பிள்ளை.

அந்தச் செங்கோலைவிட, தயாரிப்பாளரிடம் கேட்ட அந்த ஒரு கேள்வியையே நாங்கள் பெரிதாக நினைக்கிறோம். செங்கோல் ஒரு நாள் கையில் இருந்தது. அந்தக் கேள்வியால் மாறிய படங்களை ஆயிரமாயிரம் பிள்ளைகள் பார்த்தார்கள்.

நம் வகுப்பறைச் சுவரில் ஒட்டியிருக்கும் படங்களை நாளை ஒருமுறை பாருங்கள். வீட்டில் பிள்ளைக்கு வாங்கிக் கொடுத்த கதைப் புத்தகத்தையும் பாருங்கள். அதில் நம் பிள்ளையின் முகம் இருக்கிறதா? அடுத்த தெருவில் இருக்கும் தமிழ்ப் பிள்ளையின், சிங்களப் பிள்ளையின் முகம் இருக்கிறதா? சக்கர நாற்காலியில் வரும் பிள்ளை இருக்கிறதா? நாம் பெரும்பான்மையாக இருக்கும் வகுப்பில், அந்தத் தயாரிப்பாளர் இருந்த இடத்தில் நாம்தான் இருக்கிறோம். யார் இல்லை என்பது நம் கண்ணிலும் படாமல் போகலாம்.

அடுத்த முறை உங்கள் மகள் குடும்பப் படம் வரையும்போது பக்கத்தில் உட்காருங்கள். பெட்டியிலிருந்து மண்ணிறப் பென்சிலை எடுத்து, உம்மாவின் கையோடு வைத்து ஒப்பிட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். மற்றதை அவள் பார்த்துக்கொள்வாள்.