முல்லைப் பெரியாறு வழக்குகளும் பயனற்றுப்போகும் மனுக்களும்

மனுவில் கேட்ட பரிகாரம் வேறொரு வழக்கின் முடிவால் கிடைத்துவிட்டாலோ, இனிக் கிடைக்க வழியின்றிப் போனாலோ, அந்த மனு பயனற்றதாகிவிட்டது என்று நீதிமன்றம் அதை முடித்துவைக்கிறது. வழக்குத் தொடுத்தபின் நடந்தவற்றையும் கணக்கில் கொள்ளலாம் என்று 1975இல் பசுபுலேட்டி வெங்கடேஸ்வரலு வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ண ஐயர் எழுதினார். பயனற்றுப்போன வழக்கை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151ஆம் பிரிவின்கீழ் முடிக்கலாம் என்று 2004இல் மச்சாடோ பிரதர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் எந்த மனு சாகிறது, எது பிழைக்கிறது என்பதைக் காட்டத் தேனி மாவட்டத்தின் உயிர்நாடியான முல்லைப் பெரியாறு அணையின் வரலாற்றைவிடத் தெளிவான சான்று அரிது.

1886இல் திருவிதாங்கூர் மன்னரும் சென்னை மாகாண அரசும் 999 ஆண்டுக் குத்தகை எழுதிக்கொண்டனர். ஆங்கிலேயப் பொறியாளர் பென்னிகுக் கட்டிய அணை 1895இல் திறக்கப்பட்டு, கம்பம் பள்ளத்தாக்கின் இருபோக வயல்களுக்குத் தண்ணீர் வந்தது. அந்தத் தண்ணீரில் மின்சாரம் எடுக்கச் சென்னைக்கு உரிமையில்லை என்று 1941இல் நடுவர் தீர்ப்பளித்தார். 1970 ஒப்பந்தம் அந்த உரிமையைக் கொடுத்ததும் பழைய பூசலுக்குப் பொருளே இல்லாமல் போயிற்று. 1979இல் அணையின் பாதுகாப்பு குறித்த அச்சத்தால் நீர்மட்டம் 136 அடியாகக் குறைக்கப்பட்டது. அதை 142 அடிக்கு உயர்த்தலாம் என்று உச்ச நீதிமன்றம் 2006 பிப்ரவரி 27 அன்று தீர்ப்பளித்தது. அடுத்த மாதமே, அணை அமைந்திருக்கும் கேரளம் சட்டத்தைத் திருத்தி மீண்டும் 136 அடி என்று வரம்பு விதித்தது. மனுவைத் தீர்ப்பு முடிப்பது முறை. இங்கே தீர்ப்பையே பயனற்றதாக்கச் சட்டமன்றம் முயன்றது. தமிழ்நாடு தொடுத்த மூல வழக்கில், 2014 மே 7 அன்று தலைமை நீதிபதி ஆர்.எம். லோதா தலைமையிலான அரசியல் சாசன அமர்வு அந்தத் திருத்தம் செல்லாது என்றது; ஏற்கெனவே தீர்ந்த விஷயத்தை மீண்டும் கிளப்ப முடியாது என்றும் சொன்னது.

அப்படியானால் 2014க்குப் பிறகும் அணை குறித்த மனுக்கள் ஏன் வருகின்றன, அவற்றை வாசலிலேயே தள்ளியிருக்க வேண்டாமா என்று கம்பத்து விவசாயிகள் கேட்பதில் நியாயம் உண்டு. ஒவ்வொரு மனுவும் இருபோகப் பாசனத்தின் மேல் ஒரு நிச்சயமின்மையை ஏற்றுகிறது. ஆனாலும் அவர்களின் கேள்வி இரண்டு விஷயங்களை ஒன்றாக்கிவிடுகிறது. தண்ணீர் யாருக்கு, மாநிலச் சட்டத்தால் அதைத் தடுக்கலாமா என்பவை முடிந்துபோனவை. அவற்றைக் கேட்கும் மனுவில் உயிர் இல்லை. பாதுகாப்போ ஆண்டுதோறும் மாறும் உண்மை. 2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் நீதிமன்றம் நீர்மட்டத்தைத் தற்காலிகமாக 142 அடிக்குக் கீழே வைக்கச் சொன்னதும், 2014 தீர்ப்பின்படி அமைந்த மேற்பார்வைக் குழுவுக்கு 2022 ஏப்ரலில் அதிக அதிகாரம் கொடுத்ததும் அந்தத் தீர்ப்பை அசைக்கவில்லை. அதன் கண்காணிப்பை நடைமுறைப்படுத்தின. எல்லா மனுவையும் ஒரேயடியாக மூடினால் நாளை தமிழ்நாட்டின் கதவும் அடைபடும். பலப்படுத்தும் பணிகள் முடிந்தபின் நீர்மட்டத்தை 152 அடிக்கு உயர்த்துவது பற்றி நிபுணர்கள் ஆராயலாம் என்று 2006 தீர்ப்பே இடம் விட்டிருக்கிறது. முதன்மை அணையை ஒட்டிய சிறிய துணை அணையான பேபி அணையைப் பலப்படுத்தும் பணி முடியாதவரை அந்தக் கோரிக்கை பயனற்றதாகாது.