அண்ணா, மாமா, மிஸ்டர்: சிறுவர் ஒலிபரப்பில் விளிச்சொல்லின் வரலாறு

சிறுவர் நிகழ்ச்சியை நடத்துபவரைக் குழந்தை எவ்வாறு விளிக்க வேண்டும்? சிறியதாகத் தோன்றும் இவ்வினாவுக்கு ஒவ்வொரு சமூகமும் தந்த விடை, அது குழந்தையை எந்த உறவுக்குள் வைத்துக் கண்டது என்பதைக் காட்டுகிறது.

1922-இல் பிபிசி சிறுவர்க்கான ஒலிபரப்பைத் தொடங்கியபோது, நடத்துநர்கள் 'அங்கிள்', 'ஆண்ட்டி' ஆயினர். டெரெக் மெக்கல்லக் 'அங்கிள் மேக்' என்றே அறியப்பட்டார். இச்சொல்லைத் தமிழில் அப்படியே பெயர்க்க இயலாது. தந்தையின் உடன்பிறந்தார் பெரியப்பா அல்லது சித்தப்பா. தாயின் உடன்பிறந்தார் மாமா. ஆங்கிலம் ஒன்றாக்கியதைத் தமிழ் பிரித்தே சொல்லும். எனவே ஒன்றைத் தேர்ந்தாக வேண்டும்.

சென்னை வானொலி இம்மூன்றையும் விடுத்து ஒரு தலைமுறை கீழிறங்கியது. அய்யாசாமி 'ரேடியோ அண்ணா' ஆனார். பின்னாளில் சிறுவர் நாடகாசிரியர் கூத்தபிரான் 'வானொலி அண்ணா' ஆனார். அண்ணன் மூத்தவன், ஆயினும் பெற்றோர் தலைமுறையைச் சேர்ந்தவன் அல்லன். அவனிடம் மரியாதையும் உண்டு, விளையாட்டும் உண்டு. இலங்கை வானொலியின் 'சிறுவர் மல'ரிலோ 'வானொலி மாமா' வந்தார். அயலாரையும் மாமா என்றழைக்கும் ஈழத்து வழக்கில் அது இயல்பான தேர்வு. பி. எச். அப்துல் ஹமீது சிறுவராக நுழைந்த களமும் அந்நிகழ்ச்சியே. சமய எல்லையை அந்த உறவுச்சொல் பொருட்படுத்தவில்லை.

'அண்ணா'வுக்கும் அத்தகைய அகலம் உண்டு. கன்னடத்தில் அது 'அண்ண', தெலுங்கில் 'அன்ன'. ரிச்சர்ட்ஸ் டவுன் போன்ற பெங்களூர்ப் பகுதிகளில் தமிழும் கன்னடமும் அடுத்தடுத்த வீடுகளில் ஒலிக்கும். அங்கும் இச்சொல்லுக்கு மொழிபெயர்ப்பு வேண்டியதில்லை.

இவற்றுக்கு நேர்மாறானவர் அமெரிக்காவின் ஃபிரெட் ரோஜர்ஸ். பிட்ஸ்பர்க் நகரின் உள்ளூர் நிலையத்தில் உருவாகி, 1968 முதல் 2001 வரை நாடெங்கும் ஒளிபரப்பான தம் நிகழ்ச்சியில் அவர் 'மிஸ்டர் ரோஜர்ஸ்' மட்டுமே. குழந்தையை அவர் அழைத்தது 'அண்டை வீட்டார்' என்று. அவருடைய மொழிநடையை அவருடன் பணியாற்றிய இருவர் 1977-இல் ஒன்பது படிகளாக வகுத்தனர். அதில் ஒரு படி கருதத்தக்கது: 'உன் பெற்றோர்' என்பதை நீக்கி, 'உனக்குப் பிடித்த பெரியவர்கள்' என்று மாற்ற வேண்டும், ஏனெனில் எல்லாக் குழந்தைக்கும் பெற்றோர் இருப்பதில்லை.

இங்கே இரு அறங்கள் எதிரெதிர் நிற்கின்றன. உறவுச்சொல் அயலாரைக் குடும்பத்துக்குள் அழைக்கிறது. ஆனால் குடும்பம் என்ற ஒன்று எல்லார்க்கும் உண்டு என முன்கூட்டியே கொள்கிறது. ரோஜர்ஸின் மொழி அவ்வாறு எதையும் கொள்வதில்லை. ஆனால் வீட்டு வாசலிலேயே நின்றுவிடுகிறது. அண்ணன் இல்லாத குழந்தைக்கு வானொலி ஓர் அண்ணனைத் தந்தது என்பதும் உண்மை.

2007-இல் சுட்டி டிவி வந்தபின், மொழிமாற்றக் கேலிச்சித்திரங்கள் அவ்விடத்தை நிரப்பின. தமிழ் பேசிய டோரா கேள்வி கேட்டாள்; விடைக்காகச் சிறிது காத்திருந்தாள். அந்த இடைவெளி எல்லாக் குழந்தைக்கும் ஒரே அளவானது. அண்ணாவோ, ஒலிவாங்கியின் முன் அமர்ந்த சிறுமியின் பெயரைக் கேட்டு, அவள் சொல்லி முடிக்கும்வரை காத்திருந்தவர். மறைந்தது ஒரு விளிச்சொல் மட்டுமன்று. அதற்கு மறுமொழி தந்த ஒருவரும்தான்.