விலைபோகாத வீரர் ஸ்டீவன்சன்

விளையாட்டில் நாட்டங்கொண்ட நம் சமுதாய இளைஞர்கள் அறிய வேண்டிய பெயர், கியூபாவின் தியோபிலோ ஸ்டீவன்சன். 1952-இல் பிறந்த இவருடைய தந்தையார், செயின்ட் வின்சென்ட் தீவிலிருந்து குடியேறிய கறுப்பினத்தவர்.

1971-இல் அமெரிக்க வீரர் டுவான் பாபிக்கிடம் தோற்ற ஸ்டீவன்சன், மறு ஆண்டே மியூனிக் ஒலிம்பிக்கில் அவரை மூன்றாம் சுற்றில் வீழ்த்தித் தங்கமும் வென்றார். 1976-இல் மாண்ட்ரியலிலும் 1980-இல் மாஸ்கோவிலும் மீண்டும் தங்கம். குத்துச்சண்டையில் ஒரே எடைப்பிரிவில் மும்முறை வென்றவர் அவருக்கு முன் எவருமிலர்.

முகமது அலியுடன் மோதுவதற்குப் பல இலட்சம் டாலர் தருவதாக அமெரிக்கப் பந்தய முதலாளிகள் அழைத்தனர். கியூபாவிலோ தொழில்முறைக் குத்துச்சண்டைக்கு 1962 முதல் 2022 வரை தடை இருந்தது. பணத்தை ஏற்றால் தாய்நாட்டைத் துறக்க வேண்டும். அவர் மறுத்துவிட்டார். அரசுக்கு அஞ்சியே மறுத்தார் என்பாரும் உளர். நாம் அதனை ஏற்பதற்கில்லை. போட்டிகளுக்காக வெளிநாடுகள் பல சென்றவர், ஒவ்வொரு முறையும் திரும்பி வந்தாரன்றோ!

1984 ஒலிம்பிக்கைக் கியூபா புறக்கணித்ததால் நான்காம் தங்கத்திற்கு வழியில்லாமற் போயிற்று. எனினும் 1986-இல், தம் 34-ஆம் வயதில், மூன்றாம் முறையாக உலகப் பட்டம் வென்றார். ஓய்வுக்குப் பின் இளைஞர்க்குப் பயிற்சியளித்தார். நாட்டின் குத்துச்சண்டைக் கூட்டமைப்பின் துணைத் தலைவராகவும் விளங்கினார்.

1996-இல் மருந்துப் பொருள்களுடன் ஹவானா வந்த அலியை வரவேற்றவர் ஸ்டீவன்சனே. களத்தில் மோதாத இருவரும் நண்பராயினர். 2012 ஜூனில் ஸ்டீவன்சன் மறைந்தபோது இரங்கல் தெரிவித்தோருள் அலியும் ஒருவர்.