உழுந்தும் ஆவியும்

விடியற்காலை நான்கு மணிக்கெல்லாம் இராயபுரம் முதல் திருவொற்றியூர் வரையில் சாலையோரங்களில் இட்டலிப் பானைகள் அடுப்பேறிவிடுகின்றன. காசிமேட்டில் மீன் ஏலம் எடுக்கப் போவோரும், துறைமுகத்தில் சுமை தூக்கப் போவோரும், எண்ணூர்த் தொழிற்சாலைகளுக்குக் காலை வேலைக்குப் போவோரும் நின்றபடியே பசியாறிச் செல்கின்றனர். இவ்வட்டாரத்தில் பல்லாண்டு ஆசிரியனாக இருந்தவன் நான். அவ்வடுப்புகளின் வருவாயில் படித்து முன்னேறிய மாணவர் பலரை அறிவேன். ஆகவே மாணவச் செல்வங்களே, இட்டலிக்கும் வரலாறா என்று நகையாதீர்கள்.

சங்ககாலத் தமிழர் இட்டலி உண்டனர் என்று மேடைகளில் முழங்குவோர் உளர். பெருமைதான், ஆனால் சான்று வேண்டாவா? மதுரைக் கடைத்தெருவில் விற்ற மோதகத்தையும் தேன்கூடு போன்ற மெல்லிய அடையையும் மதுரைக்காஞ்சி சொல்கிறது, இட்டலியைச் சொல்லவில்லை. மிகப் பழைய சான்று கன்னடத்தில் இருக்கிறது. கி.பி. 920-ஐ ஒட்டிச் சிவகோட்டியாசாரியர் இயற்றிய வட்டாராதனையில் இட்டலிகை என்னும் பெயர் வருகிறது. 1025 அளவில் தோன்றிய லோகோபகாரம் என்னும் நூல் செய்முறையையே தருகிறது. உழுத்தம்பருப்பை மோரில் ஊறவைத்து நைய அரைத்து, தயிரின் தெளிந்த நீரும் மிளகு, சீரகம், கொத்துமல்லி, பெருங்காயமும் சேர்க்க வேண்டுமாம். 1130 அளவில் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் இயற்றிய மானசோல்லாசத்திலும் உழுந்தே பேசப்படுகிறது.

அரிசி எங்கே? இரவெல்லாம் புளிக்கவிடுதல் எங்கே? ஆவி எங்கே? உணவு வரலாற்றறிஞர் கே.டி. அச்சையா இவ்வினாக்களை எழுப்பி, இம்முறைகள் இந்தோனேசியாவிலிருந்து கடல்வழி வந்திருக்கலாம் என்றார். அஃது ஊகம், ஊகமாகவே கொள்ளுதல் நன்று. தொடக்கத்தில் அது பருப்புப் பண்டம், அரிசி பின்னால் வந்து கூடியது என்ற அளவில் நூல்களே சான்று கூறுகின்றன.

அந்தப் பழைய சுவையை ஓரளவு உணர விரும்புவோர் காஞ்சிபுரம் செல்லலாம். வரதராசப் பெருமாள் கோயிலில் படைக்கும் குடலை இட்டலியில் மிளகும் சீரகமும் சுக்கும் மணக்கும். மந்தாரை இலை பரப்பிய மூங்கிற் குடலையில் மாவை ஊற்றி ஆவியில் வேகவைப்பர். இலையும் ஆவியும் நமக்கு மட்டும் உரியனவும் அல்ல. மேலை ஆப்பிரிக்காவில், நைசீரியாவின் இக்போ மக்கள் ஒக்பா என்று ஒரு பண்டம் செய்கின்றனர். மண்ணுக்குள் காய்க்கும் ஒருவகைப் பயற்றின் மாவைச் செம்பனை எண்ணெயும் நீரும் விட்டுக் கரைத்து, வாழையிலையில் பொதிந்து வேகவைப்பர். அதைப் புளிக்கவைப்பதில்லை. நம் இட்டலியின் மென்மையோ புளிப்பில் பிறப்பது.

அப்புளிப்பின் காரணத்தை 1965-இல் வெளிவந்த ஓர் ஆய்வு விளக்கிற்று. லூக்கோனாஸ்டாக் என்னும் நுண்ணுயிர் பருப்போடு தானே வந்து, மாவில் பெருகிக் கரியமிலவாயுவை வெளியிடுகிறது. உழுந்தின் பசை அவ்வாயுவைத் தப்பவிடாமல் பிடித்துக்கொள்கிறது. வேறு நொதி சேர்க்கத் தேவையில்லை.

இவையெல்லாம் அறியாமலேயே நம் பெண்கள் நான்கு பங்கு புழுங்கலரிசிக்கு ஒரு பங்கு உழுந்து என்று அளந்தார்கள். மார்கழிக் குளிரில் மாவு பொங்கத் தாமதமாகும் என்று முன்னதாகவே அரைத்து வைத்தார்கள். அரைத்தது யார் கை என்பதை நூல்கள் எழுதவில்லை. என் வகுப்பில் முதல் மணியிலேயே கண்ணயரும் சிறுமி ஒருத்தி இருந்தாள். கடிந்துகொள்ளுமுன் விசாரித்தேன். தாயின் கடைக்காக ஆட்டுக்கல்லில் அவள்தான் மாவாட்டுவாளாம். உள்ளங்கை காய்த்துப் போயிருந்தது. கோயம்புத்தூரில் 1955-இலேயே மின்சார அரைப்பான் செய்யப்பட்டுவிட்டது. அந்த வீட்டுக்கு அது வந்து சேர முப்பதாண்டுகளுக்கு மேல் ஆயிற்று. வந்த பிறகு அச்சிறுமி முதல் மணியில் விழித்திருந்தாள். கணக்கில் நல்ல மதிப்பெண்ணும் பெற்றாள்.