கண்மணி கமலாவுக்கு: பதில் எங்கே?



சிறுகதை மன்னர் புதுமைப்பித்தனை நமக்குத் தெரியும். கடிதம் எழுதிய புதுமைப்பித்தனைத் தெரியுமா? சென்னையில் பத்திரிகை வேலை பார்த்த காலத்தில், திருவனந்தபுரத்தில் தாய்வீட்டில் இருந்த மனைவி கமலாவுக்கு அவர் நிறைய எழுதினார். 1948இல் காசநோயால் இறந்தபோது அவருக்கு வயது 42. பின்னாளில் இளையபாரதி அக்கடிதங்களைத் தொகுத்து, ‘கண்மணி கமலாவுக்கு’ என்று நூலாக்கினார். அன்பும் பணக்கவலையும் அதில் கலந்தே வரும்.

கமலாவும் சிறுகதை எழுதியவர்தான். ஆனா, அந்த நூலில் நாம் கேட்பது கணவரின் குரலை மட்டுமே. ஆங்கிலக் கவிஞர்கள் ராபர்ட் பிரௌனிங்கும் எலிசபெத் பாரெட்டும் 1845 தொடங்கி, 1846இல் மணமுடிக்கும் வரை எழுதிக்கொண்ட கடிதங்களோ, 1899இல் இருவர் குரலோடும் அச்சேறின. ஆகவே கடிதத்தைச் சான்றாக எடுக்கும்போது, ‘இதற்குப் பதில் எங்கே?’ என்று முதலில் கேளுங்க.

இது நம்ம ஊருக்கும் பொருந்தும். கேமரன் மலையில் போ தேயிலைத் தோட்டம் 1929இல் தொடங்கியது. கடல் தாண்டி வந்த தோட்டக் குடும்பங்களை ஊரோடு இணைத்தது கடிதம்தான். உங்க வீட்டுப் பெட்டியில் பழைய கடிதம் இருந்தால் தூக்கிப் போட்டுடாதீங்க. யார், யாருக்கு, எந்தத் தேதியில் எழுதினார் என்று குறிச்சு வையுங்க. அதுவும் வரலாறுதான்.