புல்மோட்டைக் கரையும் காற்றின் மரணக் கணக்கும்

வடக்கே கொக்கிளாய்க் களப்பு விரிந்து கிடக்க, தெற்கே யான் ஓயா கடலோடு கலக்க, இரண்டுக்கும் நடுவே கனிய மணலும் மீன்வாடிகளுமாக வங்காள விரிகுடாவை நேர்முகமாக நோக்கியிருக்கும் புல்மோட்டை, திருகோணமலை மாவட்டத்தின் வட எல்லையிலுள்ள கரையோரப் பிரதேசம். இக்கரைக்கு இருவகைக் காற்றினால் அபாயம் உண்டு. கார்த்திகை, மார்கழியில் சமுத்திரத்திலிருந்து வரும் பெருஞ் சூறாவளி ஒன்று. பருவம் மாறும் மாதங்களில், பிற்பகல் இடிமேகத்திலிருந்து இறங்கி, நாலைந்து வீட்டுக் கூரைகளைப் பிடுங்கிக்கொண்டு சில நிமிஷங்களில் மறைந்துவிடும், ஜனங்கள் 'மினி சூறாவளி' என்று சொல்லும் சிறு காற்று மற்றொன்று. இரண்டும் உயிரைக் கொள்ளக்கூடியவை. கொள்ளும் வழிதான் வேறு. வழி வேறாகையால் பாதுகாப்பும் வேறாக வேண்டும் என்பதும், இரண்டையும் காற்றின் வேகம் என்னும் ஒரே அளவுகோலால் அளந்து எச்சரிப்பது போதாது என்பதுமே இக்கட்டுரையின் வாதம்.

சிறிய காற்றின் இயல்பு, அதன் உக்கிர ரூபமாகிய டொர்னேடோவில் தெளிவாகப் புலப்படும். வெப்பமும் ஈரமும் நிறைந்த கீழ்க்காற்றின்மேல் குளிர்ந்த வறண்ட காற்று பரவி, உயரம் ஏற ஏறக் காற்றின் திசையும் வேகமும் பெரிதும் மாறுபடும் சந்தர்ப்பங்களிலேயே அது பிறக்கிறது. அமெரிக்காவின் மத்திய சமவெளிகளும், நமது விரிகுடாவின் தலைப்பக்கத்திலுள்ள வங்காளமும் இந்த நிபந்தனைகளைப் பூர்த்தி செய்கின்றன. 1925 மார்ச் 18இல் அமெரிக்காவின் மூன்று மாநிலங்களை ஊடறுத்துச் சென்ற டொர்னேடோ 695 பேரைக் கொன்றது. 1989 ஏப்ரல் 26இல் வங்காளதேசத்தின் மாணிக்கஞ்ச் மாவட்டத்தில் தௌலத்பூர், சதூரியா ஆகிய ஊர்களைத் தாக்கியது ஏறத்தாழ 1,300 பேரைக் கொன்றதென்று கணக்கிடப்படுகிறது. உலகில் இதுவரை பதிவானவற்றுள் மிகக் கொடியது அதுவே. வங்காளக் காற்று அமெரிக்கக் காற்றைவிட வலியது என்று இதிலிருந்து முடிவு கட்டுவது பிழை. மூங்கிலும் தகரமும் கொண்டு கட்டிய வீடுகளில் நெருக்கமாக வாழ்ந்த ஜனங்களுக்கு, ஒதுங்குவதற்கு ஒரு திண்ணிய சுவரேனும் இருக்கவில்லை. எச்சரிக்கை கிடைத்திருந்தால் அவர்கள் பிழைத்திருப்பார்களா என்ற கேள்விக்கு, மிசூரி மாநிலத்தின் ஜோப்ளின் நகரம் விடை தருகிறது. 2011 மே 22இல் அங்கே அபாயச் சங்கு முன்கூட்டியே ஒலித்தது. ஆயினும் 150 பேருக்கு மேல் மாண்டார்கள். பெரும்பாலான வீடுகளில் நிலவறை இல்லாமையும், சங்கொலியைப் பலர் உடனே பொருட்படுத்தாமையும் அதற்குரிய காரணங்களுட் சில. நிமிஷக் கணக்கிலேயே அவகாசம் தரும் காற்றுக்குச் செய்தியைவிடச் சுவரே காவல்.

இலங்கையிலே குளிர்ந்த வறண்ட காற்றின் வரவு இல்லாமையால், இங்குள்ள சுழற்காற்று அத்துணை உக்கிரம் அடைவதில்லை. ஆனால் அது எழும் காலத்தைக் கவனிக்க வேண்டும். சோளகக் காற்றுக் காலத்தில் மேற்குக் கரையிலிருந்து தொழிலுக்கு வரும் மீனவர்கள் கொக்கிளாய், நாயாறு முதலிய கரைகளில் வாடி அடித்துத் தங்குவது நெடுநாள் வழக்கம். அப்பருவத்தின் முன்னும் பின்னுமாகிய சித்திரையும் ஐப்பசியுமே இடிமேகங்கள் அதிகமாகத் திரளும் மாதங்கள். கிடுகும் தகரமும் கொண்ட வாடியில் இருப்பவனுக்கு, பறந்துவரும் ஒரு தகரத் துண்டே போதும். கரையோரத்தில் ஆங்காங்கே சுவரும் கொங்கிறீற் தளமும் உடைய பொதுக் கட்டடம் ஒன்று நிற்பது, எந்த அறிவித்தலையும்விட அவனுக்குப் பயன்படும்.

பெருஞ் சூறாவளியின் விஷயம் இதற்கு நேர்மாறானது. அது நாட்கணக்கில் அவகாசம் தருகிறது. கொல்வதோ பெரும்பாலும் நீரைக்கொண்டு. 1964 டிசம்பரில் அந்தமான் கடற்பகுதியில் உருவாகி, மணிக்கு 200 கிலோமீட்டருக்கு மேற்பட்ட வேகத்துடன் இலங்கையின் வடகிழக்குக் கரையில் ஏறி, வவுனியாவுக்கு அண்மையாகச் சென்று பாக்கு நீரிணையில் இறங்கிய சூறாவளி, 22ஆந் திகதி நள்ளிரவில் தனுஷ்கோடியை அழித்தது. பாம்பனிலிருந்து சென்ற புகைவண்டியை நூற்றுக்கு மேற்பட்ட பயணிகளோடு வாரிக்கொண்டது, ஏறக்குறைய ஏழு மீற்றர் உயர்ந்ததாகச் சொல்லப்படும் கடல். தனுஷ்கோடியை உலகம் நினைவில் வைத்திருக்கிறது. அதே காற்று முதலில் ஏறிய நமது கரையை நினைப்பவர் சிலரே. இது எனக்கு மிகுந்த மனவருத்தம் தரும் விஷயம். ஏனெனில் மறக்கப்பட்ட அழிவிலிருந்து எவரும் பாடம் படிப்பதில்லை.

2020 டிசம்பர் 2ஆந் திகதி இரவு 'புரெவி' சூறாவளி திருகோணமலைக்கும் முல்லைத்தீவுக்கும் இடைப்பட்ட இதே கரையில், மணிக்கு 80 முதல் 90 கிலோமீட்டர் வரையான வேகத்துடன் ஏறிற்று. ஜனங்கள் முன்னரே பாதுகாப்பான இடங்களுக்கு அனுப்பப்பட்டார்கள். உயிரிழப்பு மிகச் சொற்பம். 2005ஆம் ஆண்டின் அனர்த்த முகாமைத்துவச் சட்டத்துக்கும், வளிமண்டலவியல் திணைக்களத்தின் அறிவித்தல்களுக்கும், வீடு வீடாகச் சென்ற கிராம உத்தியோகத்தர்களுக்கும் இதில் உரிய புகழை நான் மறுக்கவில்லை. ஆயினும் இதனை 1964உடன் ஒப்பிட்டு, நாம் சூறாவளியை வென்றுவிட்டோம் என்று கூறுவது தர்க்கத்துக்குப் பொருந்தாது. காற்று ஒரு சுவரின்மீது செலுத்தும் அமுக்கம் அதன் வேகத்தின் வர்க்கத்துக்கு ஏற்பக் கூடுவது; ஆதலால் 1964இன் காற்று புரெவியைவிட ஐந்து மடங்கேனும் வலியது. மெலிந்த பகைவனோடு பொருது பெற்ற வெற்றியைக் கொண்டு கோட்டையின் உறுதியை அளக்கலாகாது.

மெலிந்த காற்றும் சாதுவானதன்று என்பதை 2025 நவம்பர் இறுதியில் வந்த 'டித்வா' காட்டிற்று. வேகத்தால் அது புரெவியினும் மிக்கதன்று. ஆனால் இலங்கையில் 600 பேருக்கு மேல் மாண்டனர், பெரும்பாலும் மலைநாட்டு மண்சரிவிலும் வெள்ளத்திலும். 1978 நவம்பர் 23இல் மட்டக்களப்பைத் தாக்கி ஏறத்தாழ 900 உயிர்களைக் கொண்ட சூறாவளியின் அடையாளமாக முறிந்த தென்னைகளையே நினைத்துப் பழகிய நமக்கு, வேகத்தில் குறைந்ததொன்று மழையினால் இத்துணை பேரைக் கொல்லும் என்ற எண்ணம் எளிதில் வருவதில்லை. வேகத்தை மட்டும் கேட்டு அஞ்சுவதா இருப்பதா என்று தீர்மானிக்கும் பழக்கத்தை, வேகத்தையே தலைப்பாக்கும் அறிவித்தல்கள் வளர்க்கின்றன.

புல்மோட்டையைப் பொறுத்தவரை, கடல் ஏறும் அதே இரவில் யான் ஓயா உள்நாட்டு மழையைக் கொண்டுவந்து சேர்க்கும். கடல் ஏறியிருக்கையில் களப்பின் நீரும் வடிய வழியிராது. ஆகவே இங்குள்ளோருக்குச் சொல்லவேண்டியது, நீர் எத்துணை உயரம் ஏறும், எந்தத் தெரு முதலில் அடைபடும், எந்தப் பள்ளிக்கூடம் மேட்டில் இருக்கிறது, பொழுது சாய எத்தனை மணிக்கு முன் புறப்பட வேண்டும் என்பவையே. இவற்றோடு மணல்மேட்டையும் சேர்த்து எண்ண வேண்டும். 1957இல் கனிய மணல் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டது முதல் இக்கரையின் மணல், இல்மனைட்டும் ரூட்டைலும் சேர்கோனும் தரும் செல்வமாகவே மதிக்கப்பட்டு வந்திருக்கிறது. அது ஏறிவரும் கடலைத் தடுக்கும் அணையுமாகும். அகழ்வதற்கு அனுமதி வழங்குமுன், அவ்விடத்தில் மேடு எத்துணை தாழும், தாழ்ந்தபின் 1964இன் கடல் எந்த வீடு வரை வரும் என்று அளந்து, அந்தப் படத்தைப் பிரதேச செயலகத்தின் சுவரில் ஊரார் காண மாட்ட வேண்டும்.