கல்மாடு தின்ற புல்: ஒரு வரிக்கு உரை

மட்டக்களப்பின் கொக்கட்டிச்சோலைச் சிவன் கோயில் தேர் பார்த்துத் திரும்புகிறவர்களிடம் கோயில் கதையைக் கேட்டுப் பாருங்கள். எங்கே தொடங்கினாலும் இந்த இடத்துக்கு வந்துவிடுவார்கள்:

பறங்கி கேட்டான்; கல்மாடு எழும்பிப் புல்லுத் திண்டு சாணி போட்டது.

கல்வெட்டில் பொறித்ததல்ல, வாயில் வளர்ந்த கதை. ஒரு வரியாகச் சுருக்கியது நான். அந்தத் துணிவிலேயே உரையும் எழுதுகிறேன்.

'பறங்கி': போர்த்துக்கேயன். 1628இல் மட்டக்களப்புப் புளியந்தீவில் கோட்டை கட்டினான். 1638இல் ஒல்லாந்தரிடம் அதைப் பறிகொடுத்தான். ஆகப் பத்து வருசம். பின்னால் வந்த ஒல்லாந்தரும் ஆங்கிலேயரும் இதைப்போலப் பல மடங்கு காலம் இருந்து வரி வாங்கினார்கள். கதைக்குள் அவர்களுக்கு ஒரு திண்ணைகூடக் கிடைக்கவில்லை. கதை காலத்தை அளப்பது பயத்தைக் கொண்டு. 1620களில் திருகோணமலைக் கோணேசர் கோயிலை இடித்தவன் பறங்கி. அந்தச் செய்தி கரையோரமாகத் தெற்கே வர எத்தனை நாள் பிடித்திருக்கும்? கோட்டையிலிருந்து எங்கள் படுவான்கரைக்கு வாவியைக் கடந்துதான் அவன் வரவேண்டும். 2014இல் மண்முனைப் பாலம் திறக்கும்வரை நாங்களும் 'பாதை'யில்தான் கடந்தோம். வெளியூர் வாசகருக்கு ஒரு குறிப்பு: இங்கே பாதை என்றால் வாகனத்தையும் ஏற்றிக்கொண்டு போகும் மிதவை.

'கேட்டான்': இடிக்க வந்தவன் எதற்குக் கேள்வி கேட்கிறான்? "இந்த மாடு புல்லுத் தின்னுமோ?" என்றானாம். நக்கல்தான். ஆனால் இந்தக் கேள்விக்குப் பழைய உறவினர் உண்டு. மதுரையில் பாண்டியன் சித்தரைச் சோதிக்கிறான், கல்யானை கரும்பு தின்கிறது. திருவிளையாடற் புராணத்தில் அதற்கென்று ஒரு படலமே இருக்கிறது. காவிரிக்கரைக் கஞ்சனூரிலும் கல்நந்தி புல் தின்றது. அங்கே பசுக்கன்று இறந்த பழியிலிருந்து ஓர் அந்தணரை விடுவிக்க. அப்படியானால் நம்முடையது இரவல் கதையா? இரவலாகவே இருக்கட்டும். கஞ்சனூரில் தெரியாமல் தவறிய ஒருவனுக்காகத் தின்ற மாடு, இங்கே தெரிந்தே இடிக்க வந்தவன் முன்னால் தின்கிறது. பானை பழையது, உலையில் இருப்பது நம்மூர் அரிசி.

'கல்மாடு': நந்தி என்றால் கும்பிட்டுவிட்டு நகர்ந்துவிடலாம். மாடு என்றால் வயல்காரனுக்கு அதன் பல்லும் வயதும் நினைவுக்கு வரும். கல்லுக்கோ வயதில்லை. மூலவரும் அப்படித்தான். தான்தோன்றி என்ற பெயரிலேயே கட்டியவனும் இல்லை, கட்டிய ஆண்டும் இல்லை. கொக்கட்டி மரத்தை வெட்டப் போன வேடன் கோடரி பட்ட இடத்தில் இரத்தத்தைக் கண்டான் என்பதோடு கதை தொடங்குகிறது. எஃப். எக்ஸ். சி. நடராசா 1962இல் பதிப்பித்த 'மட்டக்களப்பு மான்மியம்' கலியுக ஆண்டுகளில் கணக்குச் சொல்லும் நூல். அந்தக் கணக்கில் பறங்கி கோட்டை கட்டியது கலி 4729 அளவில். அத்தனை ஆயிரத்துக்கு நடுவே அவனுடைய பத்து வருசம் எந்த மூலைக்கு? வரியில் ஆண்டு சொல்லாமல் விட்டதைக் குறையென்று நான் கொள்ளவில்லை.

'எழும்பி': படுத்திருந்த மாடு எழும்பியது. இதற்கு மேல் உரை வேண்டாம்.

'புல்லுத் திண்டு சாணி போட்டது': என் பார்வையில் வரியின் உயிர் இங்கேதான். தின்றதோடு நிறுத்தியிருந்தால் கண்கட்டு வித்தை என்று பறங்கி சொல்லிவிட்டுப் போயிருப்பான். மதுரை யானை கரும்பைத் தின்றது, பாண்டியனின் முத்துமாலையையும் பறித்தது. அதன் வயிற்றுக்குள் என்ன நடந்ததென்று யாரும் கேட்கவில்லை. எங்கள் ஆட்கள் கேட்டார்கள். மாடு வளர்க்கிறவனுக்குத் தெரியும்: புல் உள்ளே போய், திரும்ப வாய்க்கு வந்து, அசைபோட்டு, நாலு அறை கடந்து சாணமாக ஒரு பகலும் இரவும் போதாது. கல்லுக்குள் அவ்வளவு நேரமும் உறைந்து கிடந்திருக்க வேண்டும். கேள்வி விழுந்த கணத்தில் அது மொத்தமாக அவிழ்கிறது. காலத்தைச் சேர்த்துவைக்கும் வித்தை கைவந்த யுகம் ஒன்று இருந்ததென்று கற்பனை செய்யச் சொன்னால் எந்திரங்களைத் தேடுகிறோம். படுவான்கரைக் கிழவிக்கு ஒரு பிடி சாணம் போதுமாக இருந்தது. கண்ணியம் கருதிச் சில பேச்சாளர்கள் சாணத்தை விட்டுவிட்டுக் கதை சொல்வதைக் கேட்டிருக்கிறேன். அது பாடபேதமல்ல, பிழை.

வரியில் இல்லாதது ஒன்றையும் உரைகாரன் சொல்ல வேண்டும். 1991 ஜூன் 12ஆம் திகதி கொக்கட்டிச்சோலையை அடுத்த மகிழடித்தீவுப் பக்கம் கண்ணிவெடியில் படையினர் இறந்தார்கள். அதன்பின் இராணுவத்தினர் சுற்றுக் கிராமங்களில் பொதுமக்களைக் கொன்றார்கள். இதற்குள் மாடு வருவதில்லை. இதைச் சொல்கிறவர்கள் நாளும் மாதமும் சொல்லித்தான் தொடங்குகிறார்கள். கொல்லப்பட்டவர்கள் 67 பேர் என்றது அரசாங்கத்தின் விசாரணை ஆணைக்குழு. ஊர்க் கணக்கு 152.